ஏழாம் சாட்சி எங்கே நின்றார்?

அத்தியாயம் ஒன்பது

காலை பத்தே கால் மணிக்கே ரேடியோவின் சட்டை முதுகோடு ஒட்டிக்கொண்டுவிட்டது. எடிட்டிங் அறையில் ஜன்னல் கிடையாது. இருந்த ஒரே மின்விசிறியையும் கம்ப்யூட்டர் சூடாகாமல் இருக்க அதன் பக்கம் திருப்பி வைத்திருந்தார்கள். சுவர்க் கடிகாரத்தைப் பார்ப்பதில்லை என்று முடிவு செய்திருந்தவன், இரண்டு நிமிடத்தில் மூன்று முறை பார்த்துவிட்டான். அந்த அறையில் இருக்கும் படம் மாலை ஐந்து மணிக்குள், பல்கலைக்கழகத்தில் நடந்த பழைய தடியடியை ஆராயும் விசாரணைக் குழுவின் மேசைக்குப் போயாக வேண்டும். ஒரு நிமிடம் பிந்தினாலும் வாங்கமாட்டார்கள்.

ரேடியோ என்பது பெற்றவர்கள் வைத்த பெயரல்ல. ஒரு காலத்தில் ரேடியோ ரிப்பேர் கடை வைத்திருந்தான். கடை போய்விட்டது, பெயர் தங்கிவிட்டது. வாய் ஓயாத ஆள் என்பதால் யாரும் அதை மாற்ற நினைக்கவில்லை. நாற்பத்து நாலு வயதில் இப்போது ஸ்டெனோவுக்கு உதவியாளன். ஸ்டெனோ நீதிமன்றத்தில் இருபத்திரண்டு வருடம் சுருக்கெழுத்து எழுதியவர். பிறர் சொல்வதை ஓர் எழுத்து விடாமல் எழுதி எழுதி, அதில் பாதி பொய் என்று தெரிந்தும் வாயைத் திறக்க முடியாத எரிச்சலில் வேலையை விட்டுவிட்டுத் துப்பறியக் கிளம்பிய பெண்மணி.

படத்தில் பதினான்கு பேர் இருந்தார்கள். ஒவ்வொருவரும் வெள்ளைச் சுவருக்கு முன்னால் ஒரு மர நாற்காலியில் உட்கார்ந்து, முப்பத்தோரு வருடத்துக்கு முந்தைய ஒரே ஒரு நாளைத் தன் வாயால் சொன்னார்கள். மாணவர் தேர்தலை ரத்து செய்ததைக் கண்டித்து முந்நூறு பேர் பல்கலைக்கழக வாசல் கேட்டை உள்பக்கம் சாத்திக்கொண்டு தரையில் உட்கார்ந்த நாள். பதினொரு மணிக்குப் போலீஸ் கேட்டைத் தள்ளியது. பல்கலைக்கழகப் பதிவேட்டில் அந்தத் தேதிக்கு எதிரே 'விடுமுறை' என்று எழுதியிருக்கிறது. அந்த விடுமுறையில் நாற்பது பேருக்கு மண்டை உடைந்தது. ஒரு மாணவன் திரும்பி வரவே இல்லை. அவன் பெயருக்கு எதிரே 'படிப்பை நிறுத்திக்கொண்டார்' என்று எழுதி மை காய விட்டார்கள்.

இதையெல்லாம் இரண்டு வருடமாக அலைந்து படம் பிடித்தவர் டைரக்டர். நாற்பத்து நான்கு வயதுப் பெண்மணி. முந்தின நாள் அவருக்குத் தபாலில் ஒரு கடிதம் வந்திருந்தது. இரண்டே வரி. 'பதினான்கு பேரில் ஒருவர் அன்று மாணவர் இல்லை. படத்தைக் கொடுப்பதற்கு முன் அவரை எடுத்துவிடுங்கள்.' கையெழுத்து இல்லை. ஒரு சாட்சி பொய் என்று ஆகிவிட்டால் போதும், பல்கலைக்கழகத்தின் வக்கீல் மற்ற பதின்மூன்று பேரையும் சேர்த்துச் சுருட்டி மூலையில் சாத்திவிடுவார். யாரை எடுப்பது என்று தெரியவில்லை என்று சொல்லிக்கொண்டுதான் டைரக்டர் ஸ்டெனோவிடம் வந்தார்.

ஸ்டெனோ கடிதத்தை மேசையில் குப்புறப் போட்டார். "இதை எழுதினது எதிரி இல்லை."

ரேடியோ எப்படி என்று கேட்டான்.

"பள்ளம் வெட்டினவன் பக்கத்துல பலகை நடுவானா? எதிரியா இருந்தா படம் குழு கைக்குப் போற வரைக்கும் மூச்சு விட்டிருக்க மாட்டான். அப்புறம்தான் போட்டு உடைப்பான். இவர் நம்மளக் காப்பாத்தப் பாக்கறார்."

முந்தின நாள் மாலையிலிருந்து பதினான்கு பேரின் பேச்சையும் கேட்டுச் சுருக்கெழுத்தில் எழுதி வைத்திருந்தார் ஸ்டெனோ. அந்த நோட்டைப் பிரித்து, போலீஸ் கேட்டைத் தள்ளிய இடத்தை மட்டும் ஒவ்வொன்றாகப் படித்தார். முதல் சாட்சி, 'போலீஸ் உள்ள வந்தாங்க' என்றார். இரண்டாம் சாட்சியும் 'உள்ள வந்தாங்க'. மூன்று, நான்கு, ஐந்து, ஆறு, எல்லாரும் வந்தாங்க, வந்தாங்க. ஏழாம் சாட்சி மட்டும், 'கேட்டைத் தள்ளிக்கிட்டு உள்ள போனாங்க' என்றார். எட்டிலிருந்து பதினான்கு வரை மறுபடி வந்தாங்கதான்.

ரேடியோவுக்கு ஒரு வினாடி பிடிபடவில்லை. பிறகு பிடித்துக்கொண்டான். "என் பொண்டாட்டி 'வந்து தொலை'ன்னா அவ வீட்டுல இருக்கா. 'போய்த் தொலை'ன்னாலும் வீட்டுலதான் இருக்கா. மாறுறது நான் நிக்கிற இடம்தான்."

"இங்க மாறுறது அவர் நின்ன இடம்," என்றார் ஸ்டெனோ. "உள்ள உக்காந்திருந்தவனுக்குப் போலீஸ் வரும். வெளிய நின்னவனுக்குத்தான் போகும். இந்த ஆள் அன்னிக்குக் கேட்டுக்கு வெளிய நின்னுருக்கார்."

டைரக்டரின் முகம் வெளுத்தது. ஆனால் அவர் திகைக்கவில்லை என்பதை ரேடியோ கவனித்தான். எதிர்பார்த்த அடி விழுந்தது போல இருந்தது. ஸ்டெனோவும் அதைக் கவனித்திருக்க வேண்டும். பதின்மூன்று சாட்சிகளிடமும் விடுதியில் நாற்பத்து மூன்றாம் எண் அறையில் யார் இருந்தார்கள் என்று கேட்டிருக்கிறீர்களே, ஏழாம் சாட்சியிடம் மட்டும் ஏன் கேட்கவில்லை என்று விசாரித்தார். அந்தச் சாட்சியே முந்திக்கொண்டு, நான் நாற்பத்து மூன்றில் இருந்தேன் என்று சொல்லிவிட்டதால் கேட்கவில்லை என்றார் டைரக்டர்.

அந்த இடத்தை ரேடியோவும் ஹெட்போனில் கேட்டிருந்தான். சாட்சி அப்படிச் சொன்னதும் பதினோரு வினாடி கேள்வியே வரவில்லை. மைக்குக்கு இந்தப் பக்கம் ஒருவர் மூச்சை இழுத்துப் பிடித்துக்கொண்டிருந்தது மட்டும் பதிவாகியிருந்தது. அதைச் சொன்னான்.

டைரக்டர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"அது எங்க அண்ணன் ரூம். திரும்பி வராத பையன் எங்க அண்ணன்தான். அப்ப எனக்குப் பதிமூணு வயசு. அன்னிக்குக் காலைல என் சைக்கிளை எடுத்துக்கிட்டுக் கிளம்பினான். கேக்காம எடுத்ததுக்கு நான் வாசல்ல நின்னு கண்டபடி திட்டினேன். வீட்டுல வேற யாரும் இல்ல. இந்த ஆள் கேமராவுக்கு முன்னாடி சொல்றார், 'தங்கச்சி சைக்கிளைக் கேக்காம எடுத்துட்டு வந்தேன், தெருமுனை வரைக்கும் அவ திட்டறது கேட்டுச்சு'ன்னு. அது எனக்கும் அண்ணனுக்கும் மட்டும் தெரிஞ்ச விஷயம், மேடம். அவன் வாயிலிருந்துதான் அது இவருக்குப் போயிருக்கணும். எந்த நிலைமைல போச்சு? இவர் அண்ணனை என்ன பண்ணினார்?"



ஏழாம் சாட்சி ஒப்புதல் படிவத்தில் 'ஓய்வு பெற்ற குமாஸ்தா' என்று எழுதியிருந்தார். கொடுத்திருந்த முகவரியில் அப்படி ஒருவர் இல்லை. போனை யாரும் எடுக்கவில்லை. கையில் இருந்ததெல்லாம் முப்பத்தெட்டு நிமிடப் படம். அதை மறுபடி ஓடவிட்டார்கள். மெல்லிய குரலில், தரையைப் பார்த்துக்கொண்டே பேசும் ஒரு மனிதர். தலை முழுக்க நரை. அடிபட்டு ஒரு வண்டியின் பின்னால் கிடத்தப்பட்டதாகச் சொன்னார். வண்டி மூன்று இடத்தில் திரும்பியது, ரயில்வே கேட்டில் நான்கு நிமிடம் நின்றது, பிறகு மேட்டில் ஏறியது என்றார். அதற்கு மேல் நினைவில்லை என்று முடித்துவிட்டார்.

அந்த இடத்தில் ரேடியோ கையைத் தூக்கினான். ஒலியை மட்டும் வைக்கச் சொல்லி, ஹெட்போனைக் காதில் அழுத்திக்கொண்டு இரண்டு முறை கேட்டான். வார்த்தைகளுக்கு அடியில் ஒரு சின்னச் சத்தம். மரத் தரையில் செருப்பு அழுந்தும் சத்தம். முதல் திருப்பத்தில் ஒரு முறை. இரண்டாவதில் ஒரு முறை. மூன்றாவதில் ஒரு முறை. ரயில்வே கேட்டு என்று சொன்னபோது அழுந்திய செருப்பு, பேச்சு மேட்டுக்குப் போகும் வரை விடவே இல்லை.

"அக்கா, ஆள் பிரேக் போடறார்."

படத்தில் அவர் மார்புக்கு மேல்தான் தெரிந்தார். கால் என்ன செய்தது என்று கேமராவுக்குத் தெரியாது, மைக்குக்குத் தெரிந்திருக்கிறது. பின்னால் கிடந்தவன் எதற்குப் பிரேக்கை மிதிக்க வேண்டும் என்று ரேடியோ கேட்டான். இந்த மனிதர் வண்டியை ஓட்டியவர் என்று அவனே பதிலும் சொன்னான்.

போலீஸ் வண்டியை ஓட்டியவர் போலீஸாகவும் இருக்கலாம் என்றார் டைரக்டர்.

ஸ்டெனோ அதை மறுக்கவில்லை. கடிதத்தைத் திருப்பி இரண்டு பேருக்கும் காட்டினார். ஏதோ அச்சடித்த தாளின் பின்பக்கத்தில் எழுதி, அச்சு தெரியாதபடி ஓரங்களை வெட்டியிருந்தார்கள். வெட்டுக்குத் தப்பிய ஒரு மூலையில் மட்டும் சிவப்பு முக்கோணத்தின் முனை. அதற்குள் கறுப்பாக வளைந்த ஒரு கோட்டின் நுனி. விளம்பரத் தாள் என்று நினைத்து ரேடியோ நேற்றே ஒதுக்கிய விஷயம் அது.

"'வளைவு இருக்கிறது, பார்த்துப் போ'ங்கிற போர்டு," என்றார் ஸ்டெனோ. "இந்தப் படமெல்லாம் போட்ட தாளைக் கத்தைக் கத்தையா வச்சிருக்கறது யாரு? நாற்காலில உக்காந்தாலும் கால் தன்னால பிரேக் தேடறது யாருக்கு? தானே ஓட்டறவனுக்கு ஸ்டியரிங் இல்லாட்டி கால் சும்மா கிடக்கும். அடுத்தவன் ஓட்டறதைப் பார்த்துக்கிட்டே காலம் தள்ளறவனுக்குத்தான் இந்தப் பழக்கம்."

"எங்க மச்சான் வண்டி ஓட்டினா எங்க அக்கா அப்படித்தான் மிதிக்கும்," என்றான் ரேடியோ. "ஆனா அதுக்கு யாரும் சம்பளம் கொடுக்கல. டிரைவிங் ஸ்கூல் மாஸ்டர்."

ஏழாம் சாட்சியும் கடிதம் எழுதியவரும் ஒரே ஆள் என்பது அப்போதுதான் டைரக்டருக்கு உறைத்தது. அவர் ஏதோ கேட்க வந்தார். ரேடியோ அதற்குள் போனை எடுத்துவிட்டான்.

ஊரில் ஏழு டிரைவிங் ஸ்கூல்கள். எல்லா இடத்திலும் ஒரே பாட்டைப் பாடினான். என் அக்காவுக்கு ஐம்பத்தைந்து வயது, பயந்த சுபாவம், சத்தம் போடாத வயதான மாஸ்டர் யாராவது இருந்தால் இன்றே ஒரு பாடம் வேண்டும். பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஸ்டெனோவின் வயதில் இரண்டைத் தாராளமாகக் கூட்டியதற்கு ஒரு முறைப்பு கிடைத்தது. நான்காவது இடத்தில் ஒரு பெண் சிரித்தார். பெரிய மாஸ்டர் இருக்கிறார், இருபத்தாறு வருடத்தில் அவர் யாரையும் திட்டியதே இல்லை, பன்னிரண்டரைக்கு வண்டி காலி என்றார்.

டைரக்டர் தானும் வருவேன் என்று எழுந்தார். அவரைப் பார்த்ததும் அந்த மனிதர் நழுவிவிடுவார் என்று ஸ்டெனோ தடுத்துவிட்டார். கேமராவைத் தயாராக வைத்துக்கொண்டு போனுக்குக் காத்திருக்கச் சொன்னார்.

பன்னிரண்டரைக்கு வண்டி டிரைவிங் ஸ்கூல் வாசலில் நின்றது. கூரையில் மஞ்சள் பலகை, கண்ணாடியில் சிவப்பு எழுத்து. பக்கத்து இருக்கைக்கும் தனியாக ஒரு பிரேக். அதில் செருப்புக் காலை வைத்தபடி உட்கார்ந்திருந்தார் படத்தில் பார்த்த அதே நரைத்த தலை. ரேடியோ பின்னால் ஏறிக்கொண்டான். ஸ்டெனோ வாழ்நாளில் முதல்முறையாக ஸ்டியரிங்கைப் பிடித்தார்.

முதல் பத்து நிமிடம் ரேடியோவுக்கு வழக்கே மறந்துபோனது. உயிர்தான் ஞாபகம் இருந்தது. வண்டி தவளை மாதிரி குதித்தது. ஒரு தள்ளுவண்டிக்காரர் பிளாட்பாரத்தில் ஏறிக்கொண்டார். மாஸ்டர் குரலை உயர்த்தவே இல்லை. கிளட்சை மெதுவாக விடச் சொன்னார், தூரத்தைப் பார்க்கச் சொன்னார், பக்கத்தில் தான் இருப்பதாகச் சொன்னார். இப்படிப்பட்ட ஒருவர் ஒரு பையனை அடித்துக் கொன்றிருப்பாரா என்று ரேடியோ யோசித்தான். அடித்தவர்கள் வீட்டில் எப்படிப் பேசுவார்கள் என்று யாருக்குத் தெரியும் என்றும் யோசித்தான்.

பல்கலைக்கழகத்தின் மதில் சுவர் தெரிந்தபோது ஸ்டெனோ சாலையிலிருந்து கண்ணை எடுக்காமல் கேட்டார்.

"போலீஸ் உள்ள போனப்ப நீங்க வண்டியை எங்க நிறுத்தியிருந்தீங்க?"

வண்டி அடித்து நின்றது. ரேடியோவின் நெற்றி முன் இருக்கையில் மோதியது. மாஸ்டரின் கால் பிரேக்கை ஊன்றி மிதித்திருந்தது. பின்னால் வந்தவர்கள் ஹார்னை அழுத்தினார்கள். அவர் ஸ்டெனோவையே பார்த்தார். நீங்கள் யார் என்று கேட்கவில்லை. கீழே இறங்கி, வண்டியைச் சுற்றி வந்து, பக்கத்து இருக்கைக்கு மாறி உட்காரும்படி சைகை காட்டினார். ஸ்டெனோ மாறிக்கொண்டார். ஓட்டுநர் இருக்கையில் அவர் உட்கார்ந்ததும் நான்கு கதவும் ஒரே நேரத்தில் பூட்டிக்கொண்டன.

வண்டி பல்கலைக்கழக வாசலைக் கடந்து போனது. ஸ்டெனோ இரண்டு கேள்வி கேட்டார். அவர் கியரை மாற்றினார். ரேடியோ போனை மடியில் வைத்துக்கொண்டு டைரக்டருக்கு விரலால் தடவித் தடவி எழுதினான்: ஆள் சிக்கினார். இல்லை, நாங்கள்தான் சிக்கினோம் போலிருக்கிறது.

வண்டி வலப்பக்கம் திரும்பியது. கொஞ்ச தூரம் போய் இடப்பக்கம். மறுபடி வலப்பக்கம். மூன்றாவது திருப்பத்தில்தான் ரேடியோவுக்குப் பிடிபட்டது. ஹெட்போனில் காலையில் கேட்ட பாதை இது. அந்தப் பையன் போன வழியில் அவர்கள் போய்க்கொண்டிருந்தார்கள்.

ரயில்வே கேட்டு வந்தது. திறந்துதான் இருந்தது. ரயில் வரும் அடையாளமே இல்லை. மாஸ்டர் வண்டியைத் தண்டவாளத்துக்கு முன்னால் நிறுத்தி, எஞ்சினை அணைத்துவிட்டு, இரண்டு கையையும் ஸ்டியரிங்கில் வைத்தபடி முன்னால் பார்த்துக்கொண்டிருந்தார். பின்னால் லாரிக்காரர் திட்டினார். பைக்கில் வந்த ஒருவன் கண்ணாடியைத் தட்டிவிட்டுப் போனான். கதவைத் திறக்கச் சொல்ல ரேடியோ வாயெடுத்தான். ஸ்டெனோ முன்னாலிருந்தபடியே கையைப் பின்னுக்கு நீட்டி அவன் முழங்காலை அழுத்தினார். அவனும் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தான். சரியாக நான்கு நிமிடம்.

"இவ்வளவு நேரம் இருந்துச்சும்மா," என்றார் மாஸ்டர். "இங்கேயே வண்டியைத் திருப்பியிருக்கலாம். ஆஸ்பத்திரி பின்னாடிதான் இருந்துச்சு. அதிகாரி சிகரெட் பிடிக்க இறங்கிப் போயிட்டார். நானும் அவனும் மட்டும்தான். திருப்பல."

எஞ்சினைப் போட்டார். மேட்டில் ஏறும்போது மிச்சத்தைச் சொன்னார். அப்போது அவருக்கு இருபத்தேழு வயது. பல்கலைக்கழக மருந்தகத்தின் வண்டிக்கு ஓட்டுநர். அன்று கேட்டுக்கு வெளியே நிறுத்தி வைக்கச் சொன்னார்கள். அடி ஓய்ந்ததும் ஒரு பையனைத் தூக்கி வந்து பின்னால் போட்டார்கள். ஓர் அதிகாரி முன்னால் ஏறிக்கொண்டு ஆஸ்பத்திரி வேண்டாம், நேராகப் போ என்றார். வழியெல்லாம் அந்தப் பையன் பேசிக்கொண்டே வந்தான். அறை எண், கேட்டருகே யார் யார் உட்கார்ந்திருந்தார்கள், யார் முதலில் அடித்தது, எல்லாம். நினைவு தப்பாமல் இருக்கப் பேசுகிறான் என்று இவர் நினைத்துக்கொண்டார். மேடு ஏறி இறங்கியதும் பேச்சு நின்றுவிட்டது.

அந்த வருடமே வேலையை விட்டார். அவன் சொன்னதை மட்டும் விடவில்லை. மறந்துவிடக் கூடாது என்று அவன் சொன்ன மாதிரியே, 'நான்' என்றே தினமும் ஒரு முறை மனசுக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டார். டைரக்டரின் அறிவிப்பில், அன்று உள்ளே இருந்தவர்கள் பேச வாருங்கள் என்று இருந்தது. வெளியே இருந்தவர்களை யாரும் கூப்பிடவில்லை. அதனால் அவனாகவே போய் உட்கார்ந்துவிட்டார். குழு ஒவ்வொருவரையும் சரிபார்க்கும் என்று பிறகுதான் தெரிந்தது. தன் ஒருவரால் பதின்மூன்று பேரின் வாயும் அடைபடும் என்று பயந்து கடிதம் எழுதினார்.

வண்டி ஒரு பெரிய மைதானத்தில் நுழைந்து நின்றது. பழைய கல் குவாரியை மண் கொட்டி மேவி, வண்டி பழகும் மைதானமாக்கியிருந்தார்கள். தரையில் சுண்ணாம்பால் பெரிய எட்டு. அதற்கு அப்பால் ஒரு மூலையில் மட்டும் பழைய டயர்களை மூன்று அடுக்காக வளைத்து அடுக்கி, வெள்ளை பூசியிருந்தது.

"நான் இந்த ஸ்கூல்ல சேர்ந்ததே இந்த மைதானத்துக்காகத்தான். இருபத்தாறு வருஷமா இங்க எட்டுப் போடச் சொல்லித் தர்றேன்," என்றார் மாஸ்டர். "அந்த மூலைல ஒரு சக்கரம் ஏற விட்டதில்ல."

 ஸ்டெனோ ஏற்கனவே போனில் பேசிக்கொண்டிருந்தார். முதலில் டைரக்டரிடம். அடுத்து, விசாரணைக் குழுவின் செயலரிடம். அந்தச் செயலர் ஒரு காலத்தில் ஸ்டெனோவின் பக்கத்து மேசைக்காரர். படத்தை இங்கேயே கொடுக்கிறோம், கூடவே ஓர் இடத்தையும் காட்டுகிறோம், அளவெடுக்க ஆளோடு வாருங்கள் என்றார் ஸ்டெனோ.

இரண்டரைக்கு டைரக்டர் வந்து சேர்ந்தார். ஒரு தோளில் கேமராப் பை, மறு தோளில் ஸ்டாண்டு. நேராக மாஸ்டரிடம் போனார்.

"நீங்க அடிச்சீங்களா?"

"இல்லம்மா. ஓட்டினேன்."

"அது என்ன, குறைச்சலா?"

"இல்ல," என்றார் மாஸ்டர்.

டைரக்டர் அந்தப் பதிலை எதிர்பார்க்கவில்லை. சண்டைக்கென்று சேர்த்து வைத்திருந்ததெல்லாம் எங்கே இறக்கி வைப்பது என்று தெரியாமல் நின்றார். டயர்களைப் பார்த்தார். பிறகு, அந்தச் சைக்கிள் கிடைக்கவே இல்லை என்றார், யாரிடமென்று இல்லாமல்.

மாஸ்டரின் தலை நிமிர்ந்தது. அதுவரை அவருக்கு இந்தப் பெண்மணி படம் எடுப்பவர், அவ்வளவுதான்.  டயர் விளிம்பைப் பிடித்துக்கொண்டு மெதுவாகத் தரையில் உட்கார்ந்தார். ரேடியோ ஓடிப்போய்த் தண்ணீர் கொண்டு வந்தான். அவர் குடிக்கவில்லை.

"விடுதிக்குப் பின்னாடி, தண்ணித் தொட்டி ஓரமா நிறுத்தியிருக்கேன், பூட்டிட்டேன்னு தங்கச்சிகிட்ட சொல்லணும்னு சொன்னான்," என்றார் கடைசியில். "உங்க வீடு எதுன்னு எனக்குத் தெரியலம்மா. கேட்டிருக்கணும்."

டைரக்டர் முகத்தைத் திருப்பிக்கொண்டு கேமராவை ஸ்டாண்டில் பொருத்த ஆரம்பித்தார். திருகாணி கைக்கு அடங்கவில்லை. ஸ்டெனோ போய் வாங்கித் திருகிக் கொடுத்தார். 

செயலர் நாலு மணிக்கு அளவு நாடாவோடும் இரண்டு ஆட்களோடும் வந்தார். மூலையைச் சுற்றிக் கயிறு கட்டி அரக்கு முத்திரை வைத்தார்கள். மறுநாள் காலை ஏழு மணிக்கு அங்கே தோண்டப் போகிறார்கள். மாஸ்டர் சொன்ன ஆழத்தில், மாஸ்டர் சொன்ன இடத்தில், முப்பத்தோரு வருடம் 'படிப்பை நிறுத்திக்கொண்ட' அந்த மாணவன் கிடைக்கப் போகிறான். அதை அன்று மாலை அங்கே நின்றவர்களில் ஒருவராலும் உறுதியாகச் சொல்லியிருக்க முடியாது. ஆனால் செயலர் நாடாவைச் சுருட்டுவதற்கு முன் மறுபடி ஒரு முறை அளந்து பார்த்ததை ரேடியோ கவனித்தான்.

ஐந்து மணிக்கு இன்னும் முப்பத்தைந்து நிமிடம் இருந்தது. ஏழாம் சாட்சியின் பழைய பேச்சைப் படத்திலிருந்து எடுத்தாகிவிட்டது. புதியதைத் தொடங்கினார்கள். வெள்ளைச் சுவரும் நாற்காலியும் இல்லை. டயர் மேலேயே உட்கார்ந்துகொண்டார். ரேடியோ மைக்கை நீட்டிப் பிடித்தான். ஸ்டெனோ நோட்டைத் திறந்து பென்சிலை எடுத்தார்.

மாஸ்டர் இந்த முறை தரையைப் பார்க்கவில்லை. தான் ஓட்டுநர் என்றார். கேட்டுக்கு வெளியே நின்றதைச் சொன்னார். அதிகாரியின் பெயரைச் சொன்னார், திருப்பங்களைச் சொன்னார். ரயில்வே கேட்டில் வந்து நிறுத்தினார். யாரும் அவரை அவசரப்படுத்தவில்லை.

"அந்த நாலு நிமிஷத்துல அவன் இன்னொண்ணும் கேட்டான். இதைப் போன தடவை நான் சொல்லல. அவனா உக்காந்துக்கிட்டு இதை எப்படிச் சொல்றது?" கேமராவைப் பார்த்தார். "'அண்ணே, உங்க பேர் என்ன'ன்னு கேட்டான். நான் சொல்லல. நாளைக்கு யார்கிட்டயாவது என் பேரைச் சொல்லிடுவானோன்னு பயம். அந்த நிலைமைல கிடந்தவன்கிட்ட எனக்குப் பயம். திரும்பவும் கேட்டான். முன்னாடி பார்த்துக்கிட்டு உக்காந்திருந்தேன்."

ஹெட்போனில் காற்றின் சத்தம் மட்டும் கேட்டது. கேமராவுக்குப் பின்னால் டைரக்டர் நிமிர்ந்து, லென்ஸை விட்டுவிட்டு அவர் முகத்தை நேராகப் பார்த்தார்.

"இப்பச் சொல்லுங்க," என்றார்.

அவர் சொன்னார். முதலில் தன் பெயர். அப்புறம் தகப்பன் பெயர், பிறந்த ஊர், அன்று ஓட்டிய வண்டியின் எண். ஒவ்வொன்றுக்கும் இடம் விட்டு, ஸ்டெனோவின் பென்சில் எழுதி முடிக்கும் வரை காத்திருந்து சொன்னார்.